கீறின கை

லண்டன்
12.08.2024

அன்புள்ள கோபிஷாக்குட்டிக்கு,

மாமி சுகமாக லண்டன் வந்து சேர்ந்தேன். நீயும் அப்பாவும் நல்லபடி இருப்பீர்கள் என்று நம்புகிறேன். உன்னைத் தமிழில் எழுதச் சொன்னால் வாட்ஸப்பில் இங்கிலிஷ் எழுத்தைப் போட்டு ஏமாற்றுகிறாய். தமிழ்ப் பள்ளிக்கூடச் சோதனைக்கு அது உதவாது. ஆகவே இனித் தபால்தான். எழுத்துக் கூட்டி வாசி.

மூன்று கிழமை உங்கள் வீட்டுக் குசினி மேசையில் இருந்து வேலை செய்தேனே, அப்படியொரு கோடை எனக்கு இனிக் கிடைக்காது. ஒரு நாளைக்கு ஒரு தாள், நாற்பது நிமிடம், பென்சில் மட்டும், அழிரப்பர் இல்லை, இரண்டு பேரும் வாய் திறக்கக் கூடாது. இந்தச் சட்டங்களைக் கேட்டதும் லண்டனில் பெரிய ஆட்களே ஓடிவிடுவார்கள். நீ இருபத்தொரு நாளும் வந்து இருந்தாய். இந்தத் தாள் முடிகிறது, அடுத்த தாளுக்கு வா.

உன்னை எவ்வளவு கீறியும் எனக்கு ஆசை அடங்கவில்லை. முகத்தை முழுதாகக் கீறிவிட்டேன். கழுத்தும் கையும் இன்னும் சரிவரவில்லை, ஈஸ்டருக்கு வரும்போது அதையும் கீறுவேன். நீ அசைந்தால்தான் பிழைக்கிறது, பல்லைக் கடித்துக்கொண்டு இரு. அப்பா பாவம், தன்னையும் கீறச் சொல்லிக் கேட்டுவிட்டு ஐந்து நிமிடத்தில் எழும்பி ஓடிவிட்டார்.

மற்ற விசயம் நான் அப்பாவுக்குச் சொல்லவில்லை. சொல்லவும் மாட்டேன். அது எங்கள் இரண்டு பேருக்குள் இருக்கட்டும், பயப்படாதே. அம்மா எங்கடின் மலையில் ஹோட்டல் சீசன் வேலை முடிந்து வந்தால் என் அன்பைச் சொல்.

உன் மாமி
சிவானுஜா


வில்
சுவிஸ்
23.09.2024

அன்புத் தங்கச்சி சிவானுஜாவுக்கு,

அண்ணன் எழுதுகிறேன். என் உடம்புக்குக் குறையில்லை. உன் சுகத்தை எழுது. போனில் கதைத்தால் நான் கத்துவேன், நீ வைத்துவிடுவாய். அதனால் கடிதம்.

நீ கோபிஷாவுக்கு எழுதிய கடிதத்தின் இரண்டாம் தாள் அவளுடைய கணக்குப் புத்தகத்துக்குள் இருந்திருக்கிறது. வகுப்பு டீச்சர் கண்டிருக்கிறா. இவள் மாதக்கணக்காக நீச்சல் பாடத்துக்குப் போவதில்லை, வெயிலிலும் நீளக் கைச்சட்டைதான் போடுகிறாள் என்று அவவுக்கு ஏற்கனவே ஒரு யோசனை. என்ன கடிதம் என்று கேட்டதற்கு இவள் வாயே திறக்கவில்லை. அதே பள்ளிக்கூடத்தில் வசுந்தரா என்று ஒரு இந்தியத் தமிழ்ப் பெண்ணின் மகன் படிக்கிறான். தாய்க்கு மருந்துக் கம்பனியில் பெரிய வேலை, நல்ல ஜெர்மன். ஒரு உதவியாக வாசித்துச் சொல்லுங்கள் என்று அவவிடம் கொடுத்திருக்கிறார்கள்.

அவ எழுதிக் கொடுத்ததை எனக்கு வாசித்துக் காட்டினார்கள். 'உன் முகத்தை முழுதாக வெட்டிக் கிழித்துவிட்டேன். ஈஸ்டருக்கு வந்து கழுத்தையும் கையையும் கிழிப்பேன். பல்லைக் கடித்துக்கொண்டு இரு. அப்பாவுக்குச் சொல்லமாட்டேன்.' கேட்டபோது எனக்கே உன்மேல் பயம் வந்துவிட்டது.

பிள்ளையின் முகத்தில் ஒரு கோடும் இல்லையே என்று சொன்னேன். அப்படியானால் கை எப்படி என்று கேட்டார்கள். பிள்ளைகளைப் பார்க்கும் அலுவலகத்தில் இருந்து இரண்டு பெண்கள் வீட்டுக்கு வந்தார்கள். இவள் அறையைப் பூட்டிக்கொண்டாள். நவம்பர் 28 விசாரணை. அதுவரை நீ அவளுக்கு எழுதவோ போன் எடுக்கவோ கூடாதாம். உண்மை என்று கண்டால் அவளை வேறு வீட்டில் வைப்பார்கள். எனக்கு இருப்பது இந்த ஒரு பிள்ளை.

இருபத்தொரு படத்தையும் உடனே அனுப்பு. கீறுவது என்றால் என்னவென்று மேசையில் போட்டுக் காட்டுகிறேன். இன்னொன்று. எனக்குச் சொல்லாமல் வைத்திருக்கும் அந்த மற்ற விசயம் என்ன?

அண்ணன்
இராஜசிங்கம்


லண்டன்
30.09.2024

அன்புள்ள அண்ணாவுக்கு,

கடிதம் கிடைத்தது. முதலில் சிரித்தேன், பிறகு திரும்ப முதலில் இருந்து வாசித்தேன். நீங்கள் நேரத்துக்குச் சாப்பிடுங்கள், பிரஷர் குளிசையை மறக்காதீர்கள். அண்ணி சுகமா?

அந்தப் பெண்ணுக்குத் தமிழ் தெரியும்தானே! படத்தைக் கீறாமல் வேறென்ன செய்வார்கள்? வரைவதெல்லாம் பாடப் புத்தகத்தில். நாங்கள் கொப்பியிலும் சுவரிலும் கீறிக் கீறித்தானே வளர்ந்தோம். நான் பிழைப்பு நடத்துவதே கீறி. இதற்காக ஒரு பிள்ளையை வீட்டை விட்டு எடுப்பார்களா? கல்லூரியில் மாணவர்களுக்கு முன்னால் இன்று ஒரு கோடும் எனக்கு நேராக வரவில்லை.

படங்களைப் பதிவுத் தபாலில் இன்றே அனுப்புகிறேன். மற்ற விசயம் ஒன்றுமில்லை. நவம்பரில் உங்கள் பிறந்தநாள் வருகிறதே, அதற்கு அவள் ஏதோ செய்கிறாள். துருவிக் கேட்டு அவளைக் கரைச்சல்படுத்தாதீர்கள்.

அன்புத் தங்கை
சிவானுஜா


வில்
16.10.2024

அன்புத் தங்கச்சிக்கு,

நாங்கள் இருக்கிறோம். உன் பார்சலைச் சுங்கத்தில் ஒன்பது நாள் வைத்திருந்து நேற்றுத்தான் தந்தார்கள்.

காலை ஷிஃப்ட் முடிந்து வந்து எல்லாவற்றையும் கட்டிலில் பரப்பிப் பார்த்தேன். இந்தப் பிள்ளையை நான் இவ்வளவு நேரம் பார்த்ததே இல்லை என்று தோன்றியது. வெட்கமாக இருந்தது. உன்னைப்பற்றிப் பெருமையாகவும் இருந்தது, அதைப் போனில் சொல்லமாட்டேன்.

வசுந்தரா வீட்டுக்கு வந்தா. கையில் மைசூர்பாகு, கண்ணில் தண்ணீர். "ஐயோ சார், எங்க ஊர்ல படம்னா வரையறதுன்னுதான் சொல்லுவோம். கீறுறதுன்னா கத்தியால கிழிக்கிறது. அந்தப் பேப்பர்ல பென்சில்னு ஒரு வார்த்தை இருந்திருந்தாக்கூட எனக்குப் புரிஞ்சிருக்கும்" என்றா. திட்டத்தான் வாயைத் திறந்தேன், பிறகு மைசூர்பாகை வாங்கி மேசையில் வைத்தேன். ஒரு பிள்ளைக்கு ஆபத்து என்று நினைத்துத்தானே செய்தா. திருத்தி எழுதித் தருவதாகச் சொன்னா.

இப்போது உன் கணக்குக்கு வருகிறேன். ஒவ்வொரு தாளின் அடியிலும் நீ இலக்கம் போட்டிருக்கிறாய். பதினான்கு இல்லை, பதினேழு இல்லை, இருபது இல்லை. இருப்பது பதினெட்டுத் தாள்.

என் பிறந்தநாள் மாசியில். நவம்பர் என்பது என்னை இங்கே கொண்டுவந்த ஏஜென்சிக்காரன் பாஸ்போர்ட்டில் போட்ட நாள். கோபிஷா மாசியில்தான் கேக் செய்கிறாள். உனக்கு இது தெரியாததா? அவசரத்தில் பொய் சொன்னால் இப்படித்தான்.

அண்ணன்


லண்டன்
22.10.2024

அன்புள்ள அண்ணாவுக்கு,

சுகம். நீங்களும் சுகமாக இருக்க வேண்டும்.

அந்த மூன்று தாளிலும் தேநீர் ஊற்றுப்பட்டுவிட்டது. பெரிதாக ஒன்றும் இல்லை, அதே முகம்தான். பதினெட்டும் போதும்.

சீசன் முடிந்திருக்குமே, அண்ணி வந்துவிட்டாரா? இரண்டு கடிதத்திலும் அவரைப் பற்றி நீங்கள் ஒரு சொல் எழுதவில்லை.

சிவானுஜா


வில்
04.11.2024

தங்கச்சிக்கு,

சுகம் விசாரிக்க மனம் இல்லை. இருக்கிறேன்.

வசுந்தரா திருத்தி எழுதியதையும் உன் படங்களையும் கொண்டுபோனேன். அலுவலகத்தில் அந்தப் பெண் ஒவ்வொன்றாகப் பார்த்தா. "சொல்லின் பிழை எங்களுக்கு விளங்குகிறது, மன்னியுங்கள்" என்று சொன்னா. நான் கதிரையை விட்டு எழும்பிவிட்டேன். அப்போது அவ கேட்டா, "அப்படியென்றால் பிள்ளை ஏன் நீந்த வருவதில்லை?" என்று. ஒரு டொக்டரம்மா அவளுடைய கையைப் பார்க்க வேண்டுமாம். பதினைந்து வயதுப் பிள்ளையைச் சட்டை கழற்றிப் பார்க்க நான் விடமாட்டேன் என்று சத்தம் போட்டுவிட்டு வந்தேன். வீட்டுக்கு வந்து கோபிஷாவிடம் சொன்னபோது அவளுடைய முகம் போன விதம் எனக்குப் பிடிக்கவில்லை.

நேற்று உன் பெயரைக் கணினியில் தட்டிப் பார்த்தேன். ஏப்ரலில் உனக்குக் கண்காட்சி. இருபத்தொரு படங்கள் என்று போட்டிருக்கிறது. தேநீர் ஊற்றின படங்களையுமா சுவரில் கொழுவுவாய்?

நீ அழிரப்பர் பாவிக்காதவள். பழுதான தாளையும் எறியாதவள். அந்த மூன்றிலும் என்ன இருக்கிறது, சிவா?

அண்ணன்


லண்டன்
10.11.2024

அண்ணா,

இதை இருந்துகொண்டு வாசியுங்கள். கோபிஷா பக்கத்தில் இல்லாத நேரம் வாசியுங்கள். மூன்று தாளும் இதனோடு வருகின்றன.

பதினான்காம் நாள் சரியான வெக்கை. கோப்பைகள் கழுவிவிட்டு, சுருட்டிய கையை இறக்க மறந்து வந்து இருந்தாள். முழங்கைக்குக் கீழே கோடுகள் இருந்தன. பூனை பிறாண்டியது போல இல்லை. வரிசையாக இருந்தன. அவளே செய்தது என்று பார்த்த உடனே எனக்குத் தெரிந்தது.

நான் என்ன செய்தேன் தெரியுமா? கீறினேன். நாற்பது நிமிடமும் கீறினேன். கண்டதைக் கீறு, கேள்வி கேட்காதே, வாய் திறக்காதே என்பது இருபது வருடமாக நான் வைத்திருக்கும் சட்டம். அதைப் பற்றி மேடையில் பேசிக் கைதட்டு வாங்கியிருக்கிறேன். நேரம் முடிந்ததும் அவள் தாளைப் பார்த்தாள், சட்டையை இழுத்து விட்டாள். "மாமி, அப்பாட்டைச் சொல்லாதேங்கோ. சொன்னா நான் இருக்கமாட்டன்" என்றாள்.

படத்துக்கு இருக்கமாட்டாள் என்றுதான் அதை எடுத்துக்கொண்டேன். ஏழு தாள் மிச்சம் இருந்தது, அதுதான் என் கவலை. சொல்லமாட்டேன் என்று சத்தியம் செய்தேன். இப்போது அந்த 'இருக்கமாட்டன்' எனக்கு வேறு மாதிரியும் கேட்கிறது. அண்ணா, எனக்குப் பயமாக இருக்கிறது.

பதினேழாம் நாளும் இருபதாம் நாளும் அவளே கையைச் சுருட்டிக்கொண்டு வந்து இருந்தாள். என்னிடம் காட்டியிருக்கிறாள். நான் அதையும் கீறி, இலக்கம் போட்டு, லண்டனுக்குக் கொண்டுவந்தேன். கேலரிக்காரி இருபத்தொன்றிலும் இந்த மூன்றைத்தான் தூக்கி வைத்துக்கொண்டாள். உங்களுக்குக் காட்டாததை அவளுக்குக் காட்டினேன். என்னை என்ன சொன்னாலும் கேட்பேன்.

அலுவலகத்துக்கு இதைக் காட்டுங்கள். டொக்டரைத் தடுக்காதீர்கள்.

சிவானுஜா


வில்
15.11.2024

சிவானுஜா,

நீ ஒரு மனிசியா?

என் வீட்டில் சாப்பிட்டுக்கொண்டு, என் மேசையில் இருந்துகொண்டு, என் பிள்ளையின் காயத்துக்கு நிழல் போட்டுக்கொண்டிருந்திருக்கிறாய். நான் பக்கத்து அறையில் டீவி பார்த்துக்கொண்டிருந்தேன். ஒரு சத்தம் வைக்க உனக்கு வாய் வரவில்லை.

இதைக் காட்டச் சொல்கிறாய். காட்டினால் என்ன நடக்கும்? வசுந்தரா முதலில் எழுதியதுதான் சரி என்பார்கள். கை கிழிந்திருக்கிறது, மாமி எழுதியிருக்கிறா, அப்பா மறைத்திருக்கிறார். முடிந்தது கதை. பிள்ளையைக் கொண்டுபோய்விடுவார்கள். இந்த மூன்றையும் எரிக்கப் போகிறேன். டொக்டரையும் விடமாட்டேன். நானே கதைத்து அவளைச் சரிப்படுத்துவேன்.

அண்ணி அண்ணி என்று ஒவ்வொரு கடிதத்திலும் கேட்கிறாயே. கோசலா சீசன் வேலைக்குப் போகவில்லை. தை மாதம் என்னை விட்டுவிட்டுப் போய்விட்டாள். எங்கடினில் ஹோட்டலோடு அறை எடுத்து இருக்கிறாள். ஒருவருக்கும் சொல்லாதே, அம்மா வேலைக்குப் போயிருக்கிறா என்று சொல் என்று கோபிஷாவுக்குச் சொல்லிக் கொடுத்தது நான்தான். ஊர்ச் சனம் நாலு விதமாகக் கதைக்கும் என்று பயந்தேன். தாய் இல்லை, கை இப்படி. அலுவலகத்துக்கு வேறென்ன வேண்டும்?

இனி எழுதாதே.

இராஜசிங்கம்


லண்டன்
20.11.2024

அன்புள்ள அண்ணாவுக்கு,

எழுதாதே என்றீர்கள். இந்த ஒன்றை எழுதிவிடுகிறேன். உங்களுக்கு ஒன்றும் வரக்கூடாது என்று கும்பிட்டுக்கொண்டே எழுதுகிறேன்.

அண்ணி போனதைச் சொல்லாதே என்று நீங்கள் சொன்னீர்கள். கையைப் பற்றிச் சொல்லமாட்டேன் என்று நான் சொன்னேன். இரண்டு பேருமாகச் சேர்ந்து அந்தப் பிள்ளையின் வாயைப் பூட்டியிருக்கிறோம். அவள் எங்கேதான் சொல்லுவாள்?

கண்காட்சியை நிற்பாட்டிவிட்டேன். மூன்றை மட்டும் அல்ல, முழுதாக. கேலரிக்காரி இனி என் பக்கம் திரும்பமாட்டாள், பரவாயில்லை.

தாள்களை எரித்தால் எரியுங்கள். நான் கண்டது எரியாது. 26ஆம் திகதிக்குள் நீங்கள் டொக்டரிடம் கொண்டுபோகாவிட்டால் நான் அந்த அலுவலகத்துக்கு என் பெயரைப் போட்டு எழுதுவேன். பிறகு நீங்கள் என் முகத்தில் முழிக்காவிட்டாலும் சரி. ஆனால் அதற்கு முன்னால் அவளிடம் ஒருதரம் கேட்டுப் பாருங்கள், அண்ணா. கத்தாமல் கேளுங்கள்.

சிவானுஜா


வில்
01.12.2024

அன்புத் தங்கச்சிக்கு,

நாங்கள் சுகம் என்று எழுத இன்னும் நாள் இருக்கிறது. உயிரோடு இருக்கிறோம், ஒன்றாக இருக்கிறோம்.

உன் கடிதம் வந்த அன்று பின்னேரம் மூன்று தாளையும் குசினி மேசையில் வைத்துவிட்டு அவளைக் கூப்பிட்டேன். எரிக்க நினைத்தேன், பிறகு அவள் முகம் அதில் இருக்கிறதே என்று விட்டுவிட்டேன். அவள் ஒவ்வொரு தாளாக எடுத்துப் பார்த்தாள். பிறகு சொன்னாள், "இது பழசு அப்பா. மாமி போனாப்பிறகும் இருக்கு."

இதை உனக்கு எழுதாமல் விட்டிருக்கலாம். நீயும் அறிய வேண்டும் என்று எழுதுகிறேன்.

அதன்பிறகு அவளே சட்டையைச் சுருட்டினாள். நான் கத்தவில்லை. குழந்தைப்பிள்ளை மாதிரி அழுதேன், அவள்தான் எனக்குத் தண்ணீர் எடுத்துத் தந்தாள். அடுத்த நாள் வேலைக்கு லீவு சொல்லிவிட்டு டொக்டரம்மாவிடம் போனோம். கோசலாவுக்கும் போன் எடுத்தேன். பத்து மாதத்தில் முதல் தடவை. மலை ரயிலில் இறங்கி, பிறகு இரண்டு ரயில் மாறி வந்து சேர்ந்தாள். இனி என்னோடு இருக்கமாட்டாள், அதில் மாற்றம் இல்லை. ஆனால் 28ஆம் திகதி மகளின் மறுபக்கம் அவள்தான் இருந்தாள்.

விசாரணையில் எல்லாவற்றையும் நானே சொன்னேன். பிள்ளையை எடுக்கவில்லை. ஒவ்வொரு கிழமையும் அவள் ஒரு மனநல டொக்டரிடம் போக வேண்டும், மாதத்துக்கு இரண்டு தரம் ஒருவர் வீட்டுக்கு வந்து பார்ப்பார். உன் கடிதத் தடையை எடுத்துவிட்டார்கள். அந்தப் பெண் கடைசியில், "மாமி கண்டிருக்கிறாவே, ஏன் சொல்லவில்லை?" என்று கேட்டா. அவவிடமே கேளுங்கள் என்றேன். அது நீ சொல்ல வேண்டிய பதில்.

உன்மேல் கோபம் போகவில்லை. ஆனாலும் 26ஆம் திகதி என்று எழுதினாயே, அதற்கு நன்றி.

அண்ணன்


வில்
05.01.2025

அன்புள்ள மாமிக்கு,

நான் சுகம். நீங்கள் சுகமா? இந்தக் கடிதம் நானே எழுதுறன். பிழை இருந்தா சிவப்பாலை திருத்தி அனுப்பாதேங்கோ.

சொல்லமாட்டன் எண்டு சத்தியம் பண்ணினீங்கள். பிறகு சொல்லிட்டீங்கள். எனக்குச் சரியான கோவம். ஆனா நான் கையைச் சுருட்டிக்கொண்டு வந்து இருந்தது நீங்கள் கேப்பீங்கள் எண்டுதான். நீங்கள் கேக்கவே இல்லை. அதுதான் பெரிய கோவம்.

வெள்ளிக்கிழமையிலை டொக்டரிட்டைப் போறன். அவ பரவாயில்லை. சனிக்கிழமை அம்மாவோடை கதைக்கிறன். அப்பா இப்ப டீவி போடாமல் என்னோடை வந்து இருக்கிறார், ஒண்டும் கதைக்கத் தெரியாமல் பேப்பர் வாசிக்கிறார், பாவம். நீந்த இன்னும் போகேல்லை.

ஈஸ்டருக்கு வாங்கோ மாமி. பென்சில் கொண்டு வராதேங்கோ.

கோபிஷா